பலாக்கட்டை வண்டு

ஜூன் 9

மழை பிடித்துக்கொண்டது. காலையில் குடையோடு வீட்டுப் பின்பக்கம் போனேன். போன வருடக் காற்றில் சாய்ந்த பலாமரத்தின் அடிக்கட்டை முழுக்க வெள்ளைக் காளான் பூத்திருக்கிறது. ஒன்றைப் பிடுங்கித் திருப்பிப் பார்த்தேன். மடிப்புகளுக்குள் அவர்கள் வந்துவிட்டார்கள்.

எள்ளில் பாதிதான் இருக்கும். பழுப்பு நிறம், முதுகில் மங்கலாக இரண்டு மஞ்சள் பொட்டு. இறக்கை உறை வால்வரை எட்டாது. போன வருடச் சட்டையைப் போட்டுக்கொண்ட பையன் மாதிரி பின்புறம் கொஞ்சம் வெளியே தெரியும். சாறுண்ணி வண்டுக் குடும்பம். இந்தக் குடும்பத்தார் பெரும்பாலும் மரத்தில் வடிகிற சாறையும் அழுகின பழத்தையும் குடித்துக் காலம் தள்ளுகிறவர்கள். சிலர் மட்டும் காளானுக்குக் குடிபெயர்ந்துவிட்டார்கள்.

போன வருடம் பிடித்ததெல்லாம் பெண். பெண்ணை மட்டும் வைத்துக்கொண்டு இதற்குப் பெயர் வைக்க முடியாது. ஏனென்றால் இதே அச்சில் இந்த மலை முழுக்க இன்னொரு இனம் இருக்கிறது. அதற்கு எப்போதோ பெயர் வைத்தாயிற்று. ஆண் வண்டைத் திறந்து, உள்ளே இருக்கும் உறுப்பின் நுனியைப் பார்த்தால்தான் இது அதுவா, புதிதா என்று சொல்லலாம். நெஞ்சுத் தகட்டின் ஓரம் கொஞ்சம் வேறு மாதிரி வளைந்திருப்பதால் புதிது என்று எனக்குத் தோன்றுகிறது. தோன்றுவதையெல்லாம் அச்சில் போட முடியாது.

இந்த வருடம் ஆணைப் பிடிப்பேன். நானே திறப்பேன். முப்பது வருடம் கல்லூரியில் உட்கார்ந்து ஊரார் அனுப்பிய வண்டுகளையெல்லாம் திறந்து பார்த்து, இது இன்னது என்று எழுதிக் கொடுத்தவள் நான். எனக்கென்று ஒன்றுக்குக்கூடப் பெயர் வைத்ததில்லை.

உள்ளே வந்தபோது கணுக்காலில் மூன்று அட்டை. ஆசீர் உப்பு டப்பாவோடு வாசலில் நின்றார்.

ஜூன் 11

ஒரு ஆண் கிடைத்தான்! கைலென்ஸ் வைத்துப் பார்த்தேன். வால் நுனியில், பெண்ணுக்கு இல்லாத அந்தக் குட்டித் தகடு. சந்தேகமே இல்லை. குப்பியில் போட்டு, அடுக்களையில் சீனி டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்தேன். ஆசீர் அதை எடுத்து டிவி மேல் வைத்தார். நான் திரும்பவும் எடுத்துக் கடுகு டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

நாங்கள் கலியாணமான நாளிலிருந்து சனி ஞாயிறு மட்டும் குடித்தனம் நடத்தியவர்கள். அவர் இங்கே வால்பாறையில் ஒரு தேயிலைத் தொழிற்சாலையில் டீ மேக்கர். நான் கோவையில் விலங்கியல் பேராசிரியை. வெள்ளிக்கிழமை சாயங்காலம் பஸ் ஏறி வருவேன், திங்கள் விடியற்காலம் இறங்குவேன். இப்போது இருவருக்கும் ஓய்வு. வாரம் முழுக்க ஒருவர் முகத்தில் ஒருவர் முழிப்பது இன்னும் பழகவில்லை. நான் வேலை செய்யும்போது கதவோரம் நின்று பார்க்கிறார். அது எனக்குப் பிடிக்காது.

ஜூன் 12

ஆண் போய்விட்டான். வெந்நீரில் ஊறவைத்து, ஊசியால் வயிற்றைப் பிரிக்கும்போது மொத்தமாக நசுங்கிவிட்டது. மேஜை ஆடுகிறது. சாப்பாட்டு மேஜையில் வேலை செய்தால் இப்படித்தான். காலுக்கடியில் எதையாவது மடித்து வைக்க வேண்டும்.

தோசை மாவு புளித்துப் பொங்கி வழிந்து அடுப்பு மேடையெல்லாம் மாவு.

ஜூன் 15

ஆசீர் ரசமட்டம் வைத்துப் பார்த்துவிட்டு, மேஜை சரியாகத்தான் நிற்கிறது என்கிறார். பெரிய இன்ஜினியர்.

காபியை இப்போதெல்லாம் பாதி டம்ளர்தான் ஊற்றிக்கொள்கிறேன். இந்தக் குளிருக்கு முழு டம்ளர் ஊற்றினால் குடித்து முடிப்பதற்குள் ஆறிவிடுகிறது.

ஜூன் 18

பார்கவி வீடியோவில் கூப்பிட்டாள். என்னிடம் படித்த பெண். இப்போது பெங்களூரில் ஒரு ஆராய்ச்சி நிலையத்தில் வண்டுகளோடுதான் குப்பை கொட்டுகிறாள். நல்ல பெண், கெட்டிக்காரி. காளானை கேமராவுக்கு நேரே பிடித்துக் காட்டினேன். திரைக்குக் கிட்டே முகத்தைக் கொண்டுவந்து பார்த்தாள்.

“மேம், ஆண் கிடைச்சா எனக்கு அனுப்பிடுங்களேன். நான் டிசெக்ட் பண்ணி, போட்டோவும் எடுத்துத் தரேன். பேப்பர்ல உங்க பேர்தான் முதல்ல.”

“ஏன், எனக்குத் தெரியாதா?”

“ஐயோ, அப்படி இல்ல மேம். உங்களுக்கு எதுக்கு சிரமம்னுதான்.”

எனக்கு என்ன சிரமம் என்று அவள் நினைக்கிறாள் என்று தெரியவில்லை. இங்கே சிக்னல் மோசம். படம் ஆடும். அதை வைத்து எதையாவது நினைத்துக்கொண்டால் நான் என்ன செய்வது? திறந்து பார்க்காதவர் பெயர் வைக்கக் கூடாது. இதை அவளுக்குச் சொல்லிக்கொடுத்ததே நான்தான்.

ஜூன் 22

இரண்டாவது ஆண். ஊசி பட்டதும் தெறித்துப் போய்விட்டான். ஊசிமுனை மழுங்கியிருக்க வேண்டும். இரண்டு பேரும் முட்டிபோட்டு, டார்ச் அடித்துத் தரை முழுக்கத் தேடினோம். “இதா கெடக்கு, இதா கெடக்கு” என்று ஆசீர் கூவினார். லென்ஸ் வைத்துப் பார்த்தால் கடுகு.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவருக்கு வந்தது. பிறகு என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

ஜூன் 27

ஆசீருக்குக் கண்ணாடி மாற்ற வேண்டும் என்று கோவைக்கு இறங்கினோம். கண்ணாடி மாற்றியாயிற்று. அதன் பிறகு பக்கத்துத் தெருவில் ஒரு நரம்பு டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போனார். என் பெயரில் முன்னாலேயே போனில் சொல்லி வைத்திருக்கிறார்.

டாக்டர் சின்னப் பையன். காகிதத்தில் ஒரு சுருள் வரையச் சொன்னார். வரைந்தேன். டம்ளரிலிருந்து டம்ளருக்குத் தண்ணீர் ஊற்றச் சொன்னார். ஊற்றினேன். பயப்படும்படியான நோய் இல்லையாம். ஆனால் போகப்போகக் கூடுமாம். கொடுக்கிற மாத்திரை எனக்கு மூச்சிழுப்பு இருப்பதால் ஆகாதாம். வேறு ஒன்று இருக்கிறதாம், தூக்கமாக வருமாம். தூங்கிக்கொண்டே வண்டை அறுக்க முடியாது என்றேன். சிரித்தார்.

மதியம் பிரியாணி. மட்டன் நன்றாக வெந்திருந்தது.

ஜூன் 28

பேச்சுவார்த்தை இல்லை. புளிக்குழம்பு, உருளைக்கிழங்கு.

ஜூலை 1

நேற்று முழுக்க யோசித்தேன். மூன்று கிலோ பாசிப்பயறை இரண்டு துணிப்பைகளில் போட்டுத் தைத்தேன். ஊசியில் நூல் கோக்க நேரமாயிற்று, கோத்துவிட்டேன். பைகளை மைக்ராஸ்கோப்புக்கு இரண்டு பக்கமும் வைத்து, மணிக்கட்டு இரண்டையும் அதில் அழுத்திப் புதைத்துக்கொண்டால் நன்றாக இருக்கிறது. பெண் வண்டு ஒன்றை வைத்துப் பழகினேன். மூச்சை விட்டுவிட்டு, அடுத்த மூச்சு இழுக்கும் முன் ஊசியைத் தள்ள வேண்டும். வயிறு சுத்தமாகப் பிரிந்தது. பார்த்தாயா, பார்கவி?

கடைக்குப் போன ஆசீரிடம் அகலக் கோடு போட்ட நோட்டு வாங்கிவரச் சொன்னேன். இதில் எழுதத் தாராளமாக இருக்கிறது. ஒரு பக்கத்துக்குப் பத்து வரிதான் பிடிக்கிறது, அது வேறு விஷயம்.

ஜூலை 4

மூன்றாவது ஆண். பைகள் வேலை செய்தன. வயிற்றைப் பிரித்தேன், உறுப்பு கண்ணுக்குத் தெரிந்தது, பழுப்பாக, தலைமுடி கனத்தில். அதை மட்டும் தனியாக இழுக்க வேண்டியதுதான் பாக்கி. இழுக்கும்போது குறுக்கே கிழிந்துவிட்டது. நுனி துணுக்குத் துணுக்காகிவிட்டது.

இதற்கு மேஜையைச் சொல்ல முடியாது, ஊசியையும் சொல்ல முடியாது.

அழுதேன். ஆசீர் வந்து தோளில் கைவைத்தார். அவர் சும்மா இருந்திருக்கலாம்.

“அந்தப் பிள்ளைட்ட குடுத்துரேன் சுகிர்தம். ஒனக்குப் பிறவு அவதான செய்யப் போறா.”

“எனக்குப் பிறவா? நான் இன்னும் சாகலை.”

“நான் அப்படியாட்டி சொன்னேன்?”

“ஒங்க தேயிலைய இன்னொருத்தன் நாக்குல ஊத்திப் பாத்து, நல்லாருக்குன்னு சொன்னா நீங்க கையெழுத்துப் போடுவியளா? போட்டிருக்கியளா ஒரு நாளாவது?”

அவர் எழுந்து போய்த் துவைத்த துணிகளை அடுப்பு மேல் கொடியில் உலர்த்தினார். நான் பேசியது அதிகம்தான். ஆனால் கேட்டது சரியான கேள்வி.

ஜூலை 8

மழை நின்றுவிட்டது. ஜூலையில் வால்பாறையில் வெயில்! பலாக்கட்டை காய்ந்து வெடிக்கிறது. காளான்கள் கருகிச் சுருங்கிவிட்டன. மிச்சம் இருந்த வண்டுகளும் எங்கேயோ போய்விட்டன. இந்தப் பக்கத்தில் இதைத் தவிர வேறு எந்தக் கட்டையிலும் நான் அவற்றைப் பார்த்ததில்லை. கட்டை உளுத்துக்கொண்டு வருகிறது, அடுத்த மழைக்காலத்துக்கு இது இருக்காது. நானும் அடுத்த மழைக்காலத்தில் எந்த நிலையில் இருப்பேனோ.

ஜூலை 9

காலையில் சத்தம் கேட்டுப் பின்பக்கம் போனேன். ஆசீர் பலாக்கட்டைமேல் கோணிச்சாக்கு விரித்து, வாளியில் தண்ணீர் கொண்டுவந்து ஊற்றிக்கொண்டிருக்கிறார். வேலிக்கு அந்தப் பக்கம் நின்று பக்கத்து வீட்டம்மா கேட்டார்: “என்ன சார், பட்ட மரத்துக்குத் தண்ணி ஊத்துறீங்க?”

“காளான் வளக்கேன்.”

“திங்கவா?”

“வண்டு திங்க.”

அந்தம்மா உள்ளே போய்விட்டார். நான் இன்னொரு வாளியை எடுத்துக்கொண்டு போனேன். வழியில் பாதி சிந்தியது. “நீ குழாய்ட்ட நில்லு, நான் தூக்குதேன்” என்றார். சரி என்றேன். நாலாம் தேதிக்குப் பிறகு நாங்கள் பேசிக்கொண்டது இதுதான்.

ஜூலை 13

வாளி. வாளி. வாளி.

ஜூலை 16

ராத்திரியே மழை வந்துவிட்டது. சாக்கைத் தூக்கினால் அடியில் சின்னச் சின்னக் குமிழ்கள். நாளை மறுநாள் விரிந்துவிடும்.

மாவு ஆட்டும்போது ஒன்று ஞாபகம் வந்தது. மாணவியாக இருந்த காலத்தில் நானே செய்த வேலைதான், எப்படி மறந்தேனோ. சில வண்டுகளை இணை சேர்ந்திருக்கும்போது பிடித்து அப்படியே கொதிக்கிற தண்ணீரில் போட்டுவிட்டால், ஆணின் உறுப்பு வெளியே நீட்டியபடியே நின்றுவிடும். அறுக்க வேண்டாம். ஊசியே வேண்டாம். கண் இருந்தால் போதும். கண் எனக்கு நன்றாகத்தான் இருக்கிறது.

கிரைண்டரை நிறுத்தாமலேயே கூடத்துக்கு ஓடிவந்து ஆசீரிடம் சொன்னேன். அவர் சபைக் கமிட்டியின் வரவுசெலவைப் பார்த்துக்கொண்டிருந்தார். முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது.

“கூடியிருக்கும்போதா?”

“ஆமா.”

“வெந்நீர்லயா?”

“கொதிக்கிற வெந்நீர்ல. ஆறினா பிரிஞ்சு போயிரும்.”

“பாவம்ட்டி. அந்த நேரத்துலயாவது விட்ரக் கூடாதா?”

அவர் சொல்வது எனக்குப் புரியாமல் இல்லை. இதுவரை ஆயிரக்கணக்கில் கொன்றிருக்கிறேன், ஒரு நாளும் இப்படிச் சங்கடப்பட்டதில்லை. ஆனால் பெயர் இல்லாமல் இந்தக் கட்டையோடு சேர்ந்து மொத்த இனமும் போய்ச் சேர்ந்தால், இப்படி ஒன்று இருந்தது என்றே யாருக்கும் தெரியாது. ஒரு ஜோடி. ஒரே ஒரு ஜோடிதான். இதை அவரிடம் சொன்னேன். “செபம் பண்ணிட்டுச் சொல்லுதேன்” என்றார். இதற்கெல்லாமா?

ஜூலை 18

நடந்ததை முறையாக எழுதுகிறேன்.

காலையில் காளான்கள் விரிந்திருந்தன. ஈர வாடையில் வண்டுகள் மொய்த்துக்கொண்டிருந்தன. நான் குடையைப் பிடித்துக்கொண்டேன். ஆசீர் புதுக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு காளானுக்கு அடியிலும் குனிந்து பார்த்தார். செபத்தில் என்ன பதில் வந்தது என்று அவர் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. முதுகெல்லாம் நனைந்துவிட்டது. முதலில் கண்டது ஜோடி இல்லை, ஒன்றின் மேல் ஒன்று ஏறிப் போய்க்கொண்டிருந்தது. இரண்டாவது ஜோடிதான், நான் லென்ஸைக் கொண்டுபோவதற்குள் பிரிந்து ஓடிவிட்டது. பிறகு கட்டையின் கீழ்ப்பக்கத்திலிருந்து கூப்பிட்டார், ரொம்ப மெதுவாக, வீட்டில் யாரோ தூங்குகிற மாதிரி.

“சுகிர்தம். இங்கன வா. இது ஜோடிதான்.”

ஜோடிதான். காளானோடு பெயர்த்து, அலுங்காமல் அடுக்களைக்குக் கொண்டுவந்தார். கெட்டில் கொதித்துக்கொண்டிருந்தது. கிண்ணத்தில் காளான் துண்டை வைத்து, கொதிக்கிற தண்ணீரை நேராக அவற்றின் மேல் ஊற்ற வேண்டும். அக்கம்பக்கம் சிந்தினால் வண்டு பிரிந்துவிடும். நான் கெட்டிலைத் தூக்கினேன். மூடி தடதடவென்று அடித்துக்கொண்டது. அந்தச் சத்தத்தை இரண்டு பேரும் கேட்டோம். கீழே வைத்துவிட்டேன்.

“நீங்க ஊத்துங்க” என்றேன். “எனக்குக் கை நடுங்குது.”

“தெரியும்” என்றார்.

“எப்பவிருந்து?”

“போன கிறிஸ்மஸுக்கு கேக் வெட்டுன பாத்தியா, அப்பவிருந்து.”

எனக்குத் தெரிவதற்கு முன்னாலேயே அவருக்குத் தெரிந்திருக்கிறது. சனி ஞாயிறு மட்டும் பார்க்கிற புருஷனாக இருந்திருந்தால் தெரிந்திருக்காது. அவர்மேல் கோபம் வரும் என்று நினைத்தேன். வரவில்லை. முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன், அவ்வளவுதான்.

அவர் கெட்டிலை எடுத்தார். கண்ணை ஒரு தடவை மூடித் திறந்தார். ஊற்றினார்.

ஜூலை 19

ஜோடி பிரியவில்லை. ஈரத் தூரிகையால் ஆசீர் அதைத் தட்டுக்கு மாற்றினார். நான் மைக்ராஸ்கோப்பில் குனிந்தேன். குமிழைத் திருப்புவதற்குக் கை எப்படி இருந்தாலும் பரவாயில்லை.

ஆண் பாதி நழுவி, உறுப்பு முழுக்க வெளியே நின்றது. தெரிந்த இனத்துக்கு நுனி கரண்டி போல உருண்டையாக இருக்கும். இதற்கு நடுவில் ஆழமாகப் பிளந்து கவையாக இருக்கிறது. விளக்கைத் திருப்பி வைத்துப் பார்த்தேன். கவை. தட்டைத் திருப்பிப் பார்த்தேன். கவைதான். புதிது! புதிது! புதிது!

பார்கவிக்குப் போன் செய்தேன். அவள் அலறியதில் ஆசீர் அடுக்களையிலிருந்து வந்துவிட்டார். போட்டோ எடுக்கும் வேலையை அவளுக்குக் கொடுத்தேன்; அவளிடம் அதற்கு நல்ல கருவி இருக்கிறது, என்னிடம் இல்லை. “விவரிப்பை யார் எழுதுறது மேம்?” என்று கேட்டாள். நான்தான் என்றேன். இந்தத் தடவை அவள் சிரமம் என்ற பேச்சை எடுக்கவில்லை. “எழுதுங்க மேம், காத்திருக்கேன்” என்றாள்.

மதியம் படம் வரைய உட்கார்ந்தேன். பயற்றுப் பை, மூச்சு, எல்லாம் செய்து பார்த்தேன். கோடு கோடாக வரவில்லை. எழுத்தும் அப்படித்தான்: கொம்பின் கணுக்களைப் பற்றி ஒரு பக்கம் எழுதிவிட்டுத் திருப்பிப் படித்தால் என்னாலேயே படிக்க முடியவில்லை. இந்தப் பக்கத்தை எழுதவே மத்தியானத்திலிருந்து சாயங்காலம் ஆகிவிட்டது.

கண் என்னுடையது, புத்தி என்னுடையது. கை மட்டும்தான் இல்லை. வீட்டில் இன்னும் இரண்டு கை இருக்கிறது.

ஜூலை 21

கையெழுத்து மாறியிருக்கிறது. எழுதுவது ஆசீர், பக்கத்தில் சுகிர்தம். அவள் இந்த முதல் வரியை அடிக்கச் சொல்கிறாள். அடிக்கவில்லை.

காலை எட்டு மணிக்கு உட்கார்ந்தோம். அவள் மைக்ராஸ்கோப்பில் கண்ணை வைத்துக்கொண்டு சொல்லுவாள், நான் தனித்தாளில் எழுத வேண்டும். உடல் நீளம். நிறம். கொம்பின் கடைசி மூன்று கணுக்கள் பருத்து ஒரு குமிழ் போல. நெஞ்சுத் தகட்டின் ஓரம் வளைந்து பின்னால் ஒடுங்கும். ஒரு சொல்லை அவள் மூன்று தடவை மாற்றுவாள். நான் மூன்று தடவை அடித்து எழுதுவேன். முப்பது வருடம் திங்கள் முதல் வெள்ளி வரை இவள் இதைத்தான் செய்துகொண்டிருந்தாள் என்று இன்றுதான் தெரிந்துகொண்டேன்.

ஆணுறுப்பு வரும்போது நான் ‘அது’ என்று எழுதினேன். கண்டுபிடித்துவிட்டாள். “கமிட்டி செயலரே, அதுன்னு எழுதினா உலகத்துல எவனுக்குப் புரியும்? உள்ளத எழுதுங்க” என்றாள். உள்ளதை எழுதினேன்.

பெயர் என்ன என்று கேட்டேன். பலாவை வைத்துச் சொன்னாள்.

“என் பேரு வப்பியோன்னு பாத்தேன்.”

“மனுசன் பேரு வச்சா அது எங்க கெடக்கும்னு எப்படித் தெரியும்? பேரக் கேட்டதும் ஆளுக மரத்தத் தேடிப் போணும்.”

நியாயம்தான். எனக்குக் கொஞ்சம் வருத்தமும்தான்.

ஜோடியில் ஆணை அட்டையில் ஒட்டி, ஊசியில் குத்தி நிறுத்தியாயிற்று. ஒட்டியது நான், எந்தப் பக்கம் என்று சொன்னது அவள். ஒரு இனத்துக்கு முதன்முதலாகப் பெயர் வைக்க எடுத்த வண்டுக்குக் கீழே சிவப்புச் சீட்டு குத்த வேண்டுமாம். அதற்கு மேலே ஒரு வெள்ளைச் சீட்டு: இடம், தேதி, எதில் கிடைத்தது, பிடித்தது யார். ஒரு தடவை குத்திய சீட்டை யாரும் எடுக்க மாட்டார்களாம். நூறு வருடம் கழித்து யாராவது பெட்டியைத் திறந்தாலும் அது அப்படியே இருக்குமாம். சீட்டு சுண்டுவிரல் நகத்தில் பாதி. வால்பாறை என்று எழுதினேன். பலாக்கட்டைக் காளான் என்று எழுதினேன். கடைசி வரியில் சுகிர்தம் என்று எழுதி நீட்டினேன்.

லென்ஸ் வைத்துப் படித்துவிட்டுத் திருப்பித் தந்தாள்.

“ஒங்க பேரு எங்க?”

“எனக்கு என்னட்டி தெரியும் இதுல?”

“ஜோடியக் கண்டது யாரு? ஊத்தினது யாரு? பிடிச்சவங்க பேரத்தான் போடணும். இதுதான் முறை.”

“எடம் இல்ல. பாரு, விளிம்பு வரைக்கும் வந்துட்டு.”

“வேற சீட்டு எடுங்க. எழுத்தச் சின்னதாக்குங்க.”

வேறு சீட்டு எடுத்தேன். என் கையும் அப்போது அவ்வளவு நிதானமாக இல்லை. அவள் பயற்றுப் பையை என் மணிக்கட்டுக்கு அடியில் தள்ளினாள். மூச்சை விட்டுவிட்டு, எழுத்தைச் சின்னதாக்கி, இரண்டு பெயரையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதினேன். இடம் இருந்தது.